பழைய திறன்பேசியில் கஸ்டம் ரோம் நிறுவுதல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கஸ்டம் ரோம் என்பது உண்மையில் என்ன?

ஆண்ட்ராய்டின் அடிப்படை நிரல்களைக் கூகுள் திறமூலமாக வெளியிடுகிறது. கைபேசி நிறுவனங்கள் அவற்றை எடுத்து, தங்கள் தோற்றத்தையும் செயலிகளையும் சேர்த்து, தங்கள் வன்பொருளுக்குப் பொருத்தி விற்கின்றன. அதே நிரல்களை நிறுவனத்துக்கு வெளியே உள்ளவர்கள் எடுத்து, ஒரு குறிப்பிட்ட கைபேசி மாதிரிக்குப் பொருந்துமாறு தொகுத்து வெளியிடுவதே கஸ்டம் ரோம். 2009இல் தொடங்கிய சயனோஜென்மோட் இந்த வகையில் நெடுங்காலம் பெயர் பெற்றிருந்தது. அது 2016 டிசம்பரில் நின்றுபோனபோது, அதன் நிரல்களைக் கொண்டே லினேஜ்ஓஎஸ் தொடங்கப்பட்டது. இன்று பழைய கைபேசிகளுக்கு முதலில் தேடிப் பார்க்க வேண்டிய பெயர் அதுதான். 'ரோம்' என்ற சொல் முன்பு படிக்க மட்டுமே முடிகிற நினைவகத்தைக் குறித்தது. இங்கே நாம் செய்வதோ அதில் எழுதுவது. பொருள் மாறிய பிறகும் பெயர் ஒட்டிக்கொண்டுவிட்டது.

கைபேசி நன்றாகத்தானே இயங்குகிறது, ஏன் மாற்ற வேண்டும்?

மாற்றியே ஆக வேண்டும் என்பதில்லை. ஆனால் நிறுவனம் புதுப்பிப்புகளை நிறுத்திய நாளிலிருந்து, அதற்குப் பின் கண்டறியப்படும் பாதுகாப்பு ஓட்டைகள் அனைத்தும் அந்தக் கைபேசியில் திறந்தே கிடக்கின்றன. சில ஆண்டுகள் கழிந்ததும் செயலிகளும் பழைய ஆண்ட்ராய்டைக் கைவிடத் தொடங்கும். 2014இல் ஆண்ட்ராய்டு 4.4உடன் வந்த சாம்சங் கேலக்ஸி எஸ்5 கைபேசிக்கு நிறுவனம் தந்த கடைசிப் பதிப்பு 6.0.1. அதே கைபேசிக்கு ஆண்ட்ராய்டு 11ஐ அடிப்படையாகக் கொண்ட லினேஜ்ஓஎஸ் 18.1 கிடைத்தது. நிறுவனம் விட்ட இடத்திலிருந்து ஐந்து தலைமுறைகள் தாண்டி அந்த வன்பொருள் இயங்கியது.

அப்படியானால் கைபேசி புதியதைப் போல் ஆகிவிடுமா?

ஆகாது, இதை முன்கூட்டியே தெளிவாக்கிக்கொள்வது நல்லது. தேய்ந்த பேட்டரி தேய்ந்ததாகவே இருக்கும். உப்பிய பேட்டரி உள்ள கைபேசியில் வேறெதையும் செய்வதற்கு முன் பேட்டரியை மாற்ற வேண்டும். ஆண்டுக்கணக்கில் எழுதி அழித்துச் சோர்ந்துபோன சேமிப்புச் சிப்பும் மீண்டும் வேகம் பெறாது.

இதைவிட நுட்பமான ஒரு குறையும் உண்டு. மோடம், கேமரா, கிராபிக்ஸ் போன்றவற்றை இயக்கும் மூடிய நிரல்களைச் சிப் நிறுவனமும் கைபேசி நிறுவனமும் மட்டுமே திருத்த முடியும். அவர்கள் கைவிட்ட பிறகு, கஸ்டம் ரோம் தொகுப்பவர்கள் அந்தப் பழைய கோப்புகளையே அப்படியே எடுத்துச் சேர்க்கிறார்கள். லினேஜ்ஓஎஸ் நிறுவிய கைபேசியின் அமைப்புகளில் ஆண்ட்ராய்டு பதிப்பைத் தொட்டுப் பார்த்தால் இரண்டு பாதுகாப்புத் தேதிகள் தெரியும்: ஒன்று ஆண்ட்ராய்டுக்கு உரியது, மற்றொன்று வன்பொருள் தயாரிப்பாளர் தந்த பகுதிக்கு உரியது. முதல் தேதி அண்மையதாகவும் இரண்டாவது பல ஆண்டுகள் பழையதாகவும் இருப்பது பழைய கைபேசிகளில் வழக்கம். முன்பைவிடப் பாதுகாப்பு கூடியிருக்கிறது, ஆனால் முழுமையடையவில்லை என்பதையே அந்த இரண்டு தேதிகளும் சொல்கின்றன.

என் கைபேசிக்கு ரோம் இருக்கிறதா என்று எப்படி அறிவது?

கைபேசியின் விற்பனைப் பெயரை நம்பித் தேடாதீர்கள். இந்த வேலையில் நேரும் தவறுகளில் மிகப் பெரியது அங்கேதான் தொடங்குகிறது. கேலக்ஸி எஸ்5 என்ற ஒரே பெயரில் விற்கப்பட்ட கைபேசிகளில் எஸ்எம்-ஜி900எஃப் மாதிரி குவால்காமின் ஸ்னாப்டிராகன் சிப்பையும், எஸ்எம்-ஜி900எச் மாதிரி சாம்சங்கின் சொந்த எக்ஸினோஸ் சிப்பையும் கொண்டவை. வெளித்தோற்றத்தில் இரண்டையும் வேறுபடுத்திச் சொல்ல முடியாது. உள்ளே அவை வெவ்வேறு கைபேசிகள். ஒன்றுக்குரிய ரோமை மற்றொன்றில் ஏற்றக் கூடாது.

அமைப்புகளில் 'கைபேசி பற்றி' என்ற பகுதியில் முழு மாதிரி எண்ணைப் பாருங்கள். அதோடு, ரோம் தொகுப்பவர்கள் ஒவ்வொரு மாதிரிக்கும் ஒரு குறிப்பெயரைப் பயன்படுத்துவார்கள். பதிவிறக்கக் கோப்பின் பெயரில் அதுவே இருக்கும். மாதிரி எண், குறிப்பெயர் இரண்டும் பொருந்தினால் மட்டுமே பதிவிறக்குங்கள். பழுதுபார்க்கும்போது பின்மூடி மாற்றப்பட்டிருக்கலாம் என்பதால், உடலில் ஒட்டியிருக்கும் தாளை மட்டும் நம்புவதும் சரியன்று.

என் மாதிரிக்குப் பழைய பதிப்பு மட்டுமே கிடைக்கிறது, புதியது ஏன் வரவில்லை?

பெரும்பாலும் கெர்னல்தான், அதாவது வன்பொருளோடு நேரடியாகப் பேசும் இயங்குதளத்தின் உட்கருதான் காரணம். ஆண்ட்ராய்டு பயன்படுத்தும் லினக்ஸ் கெர்னல், ஜிபிஎல் என்ற திறமூல உரிமத்தின் இரண்டாம் பதிப்பில் இருப்பதால், கைபேசியோடு அதைத் தரும் நிறுவனம் அதன் மூல நிரலையும் தர வேண்டும். பழைய கைபேசிகளுக்கு ரோம் தொகுக்க முடிவதே பெரிதும் இந்த விதியால்தான். ஆனால் தரப்பட்டது பத்தாண்டுக்கு முந்தைய கெர்னலாக இருக்கும். 2021இல் வந்த ஆண்ட்ராய்டு 12, பிணையப் போக்குவரத்தைக் கையாள ஐபிடேபிள்ஸ் என்ற பழைய முறையை விட்டு, ஈபிபிஎஃப் என்ற கெர்னல் வசதியையே முழுமையாகச் சார்ந்துகொண்டது. பழைய கெர்னல்களில் அந்த வசதி போதுமான அளவில் இல்லை. அதனால் லினேஜ்ஓஎஸ் 19 வந்தபோது, அதுவரை ஆதரிக்கப்பட்ட பல கைபேசிகள் 18.1இலேயே நின்றுவிட்டன. சிலவற்றுக்குத் தன்னார்வலர்கள் அந்த வசதியைப் பழைய கெர்னலுக்குக் கொண்டுவந்தார்கள். அது பொறுமையும் நேரமும் கேட்கும் வேலை, அதற்கு யாரும் கடமைப்பட்டவர்கள் அல்லர்.

பூட்லோடரைத் திறப்பது என்றால் என்ன? எல்லாக் கைபேசியிலும் முடியுமா?

கைபேசியை இயக்கியதும் முதலில் ஓடும் சிறு நிரல்களில் ஒன்று பூட்லோடர். அடுத்து ஏற்றப்படும் இயங்குதளத்தில் நிறுவனத்தின் கையொப்பம் இருக்கிறதா என்று அது சரிபார்க்கும், இல்லையென்றால் மறுக்கும். அந்த மறுப்பை நீக்குவதே அன்லாக் செய்வது. அதை நிறுவனம் அனுமதித்தால்தான் செய்ய முடியும், ஒவ்வொரு நிறுவனமும் ஒவ்வொரு விதமாக அனுமதிக்கிறது.

கூகுள் நெக்ஸஸ், பிக்ஸல் கைபேசிகளில் பெரும்பாலும் ஒரே கட்டளையில் முடிந்துவிடும். மோட்டோரோலாவும் சோனியும் பல மாதிரிகளுக்குத் தங்கள் தளத்தில் குறியீடு தருகின்றன. ஷாவ்மி கைபேசியை அந்த நிறுவனக் கணக்கோடு இணைத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். பல மாதிரிகளில் அந்தக் காத்திருப்பு 168 மணி நேரம். ஹுவாவே 2018இல் குறியீடு தருவதையே நிறுத்திவிட்டது. அமெரிக்கத் தொலைத்தொடர்பு நிறுவனங்கள் வழியாக விற்கப்பட்ட சாம்சங் கைபேசிகளில் பலவற்றைத் திறக்கவே வழியில்லை.

திறக்க முடிகிற சாம்சங் கைபேசிகளிலும் ஒரு விலை உண்டு. நாக்ஸ் என்ற சாம்சங்கின் பாதுகாப்பு ஏற்பாட்டுக்கென உள்ளே வைக்கப்பட்டிருக்கும் ஒரு மின்னணு உருகி, அந்நிய மென்பொருள் ஏற்றப்பட்டதும் எரிந்துவிடும். அதன்பின் பழைய மென்பொருளுக்கே திரும்பினாலும் சாம்சங் பே, பாதுகாப்பான கோப்புறை போன்ற வசதிகள் அந்தக் கைபேசியில் மீண்டும் வேலை செய்யா.

என் படங்களும் தொடர்புகளும் அழிந்துவிடுமா?

அழிந்துவிடும். பூட்லோடரைத் திறக்கும்போது கைபேசி தன்னிடம் உள்ள பயனர் தரவு முழுவதையும் அழிப்பது வேண்டுமென்றே செய்யப்பட்ட ஏற்பாடு. இல்லாவிட்டால், திருடிய கைபேசியைத் திறந்து, வேறொரு மென்பொருளை ஏற்றி, உள்ளே இருப்பதைப் படித்துவிட முடியும்.

படங்களை நகலெடுக்க எல்லாருக்கும் நினைவு வரும். மறந்துபோவது வேறு சில: இருபடி உள்நுழைவுக்கான குறியீடுகளைத் தரும் செயலி, வாட்ஸ்அப் உரையாடல்கள், கைபேசியில் மட்டும் சேமித்த தொடர்புகள், குரல் பதிவுகள். முதலாவது மறந்துபோனால் மின்னஞ்சல் கணக்குக்குள்கூட நுழைய முடியாத நிலை வரலாம், ஆகவே அதை முதலில் வேறொரு கருவிக்கு மாற்றுங்கள். கூகுள் கணக்கையும் திரைப்பூட்டையும் அமைப்புகள் வழியாகவே நீக்கிவிடுங்கள். ஆண்ட்ராய்டு 5.1இலிருந்து வந்த மீட்டமைப்புப் பாதுகாப்பு, பழைய கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்டு வழியை மறிக்காமல் இருக்க அது உதவும். முடியுமானால், ஐஎம்இஐ எண் தொடர்பான தகவல்கள் இருக்கும் ஈஎஃப்எஸ் பகுதிக்கும் ஒரு நகல் எடுத்துவையுங்கள். அது கெட்டுப்போன கைபேசியில் அழைப்பு வராது, மீட்பதும் மிகக் கடினம்.

நிறுவும் முறையைப் படிப்படியாக விளக்க முடியுமா?

மாதிரிக்கு மாதிரி நுணுக்கம் மாறும். உங்கள் மாதிரிக்கென்று எழுதப்பட்ட வழிகாட்டியை முதலிலிருந்து கடைசிவரை ஒருமுறை படித்துவிட்டே தொடங்குங்கள். இங்கே சொல்வது பொதுவான போக்கு.

கணினி, தரவு கடத்தக்கூடிய நல்ல கேபிள், பாதிக்கு மேல் மின்னேற்றம் ஆகிய மூன்றும் வேண்டும். சில கேபிள்கள் மின்னேற்ற மட்டுமே உதவும். கணினி கைபேசியைக் கண்டுகொள்ளாதபோது முதலில் சந்தேகிக்க வேண்டியது கேபிளைத்தான். யுஎஸ்பி ஹப் வழியாக இணைக்காமல் நேரே கணினியில் செருகுங்கள். ரோம் கோப்பைப் பதிவிறக்கியதும், அதன் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடப்படும் ஷா-256 என்ற சரிபார்ப்பு எண் தளத்தில் தரப்பட்டதோடு ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். அரைகுறையாக இறங்கிய கோப்பு அப்போதே அகப்பட்டுவிடும்.

அமைப்புகளில் 'பில்டு எண்' என்பதை ஏழு முறை தட்டினால் டெவலப்பர் தேர்வுகள் திறக்கும். அங்கே யுஎஸ்பி பிழைத்திருத்தத்தையும், 'ஓஇஎம் அன்லாக்' இருந்தால் அதையும் இயக்குங்கள். கூகுள் தரும் பிளாட்ஃபார்ம் டூல்ஸ் தொகுப்பில் கணினியிலிருந்து கைபேசிக்குக் கட்டளை அனுப்பும் ஏடிபி, ஃபாஸ்ட்பூட் என்ற இரு கருவிகள் உள்ளன. கைபேசியை இணைத்து ஏடிபி வழியாகத் தேடினால், திரையில் இந்தக் கணினியை அனுமதிக்கலாமா என்று ஒரு கேள்வி வரும். அதைக் கவனிக்காமல் கணினியையே பார்த்துக்கொண்டு, அனுமதியில்லை என்ற செய்தியோடு மல்லுக்கட்டுபவர்கள் பலர். அடுத்து, இயங்குதளம் தொடங்கும் முன்பே கட்டளைகளை ஏற்கும் ஃபாஸ்ட்பூட் நிலைக்குச் சென்று பூட்லோடரைத் திறக்க வேண்டும். சாம்சங்கில் ஃபாஸ்ட்பூட்டுக்குப் பதில் டவுன்லோடு நிலை என்ற ஒன்று உண்டு. அதற்கு ஓடின் அல்லது ஹைம்டால் என்ற கருவி வேண்டும்.

பின்னர் ரிகவரி. இயங்குதளம் ஓடாதபோதும் தனித்து இயங்கக்கூடிய ஒரு சிறு சூழல் அது; டிடபிள்யுஆர்பி, லினேஜ் ரிகவரி இரண்டும் பரவலானவை. அதை ஏற்றியவுடன் கைபேசியைச் சாதாரணமாகத் தொடங்கவிடாமல், உரிய பொத்தான்களை அழுத்தி நேரே ரிகவரிக்குள் செல்லுங்கள். ஒருமுறை பழைய இயங்குதளம் எழுந்துவிட்டால், சில கைபேசிகளில் அது தன் சொந்த ரிகவரியை மீண்டும் எழுதிவைத்துவிடும், நீங்கள் ஏற்றியது போய்விடும்.

ரிகவரிக்குள் சென்றதும் பயனர் தரவுப் பகுதியை ஃபார்மேட் செய்து, ஏடிபி சைடுலோடு முறையில் ரோமை அனுப்ப வேண்டும். கணினியில் சதவீதம் ஏறிக்கொண்டே வந்து, சில சமயம் 47இல் நின்று, தோல்வி என்று தொடங்கும் ஒரு வரியைக் காட்டும். அதே வரியின் முடிவில் வெற்றி என்றோ பிழையில்லை என்றோ எழுதியிருக்கும். பதற வேண்டாம். கைபேசித் திரையில் நிறுவல் முடிந்ததாகக் காட்டினால் அது முடிந்துவிட்டது. அந்த 47இல் கேபிளைப் பிடுங்குவதுதான் செய்யக்கூடாத காரியம்.

கூகுள் செயலிகள் வேண்டுமென்றால், முதல் தொடக்கத்துக்கு முன்பே அவற்றையும் சைடுலோடு செய்துவிட வேண்டும். அப்போது கையொப்பம் சரியில்லை, இருந்தாலும் நிறுவலாமா என்று லினேஜ் ரிகவரி கேட்கும். அந்தத் தொகுப்பு லினேஜின் சாவியால் கையொப்பமிடப்பட்டதன்று என்பதால் வரும் கேள்வி அது, சம்மதிக்கலாம். முதல் தொடக்கத்துக்கு 15 நிமிடம்வரை ஆகலாம்.

கூகுள் செயலிகள் இல்லாமல் இருக்க முடியுமா?

முடியும். எஃப்-டிராய்டு என்ற திறமூலச் செயலிக் கடையோடு வாழ்பவர்கள் இருக்கிறார்கள், பழைய கைபேசி அவர்களிடம் கூடுதல் வேகத்தோடு ஓடும். பின்னணியில் ஓடும் கூகுள் சேவைகளே சிறிய நினைவகம் கொண்ட கைபேசியில் பெரும் சுமை. நடுவழியாக மைக்ரோஜி என்ற மாற்றும் உண்டு. அறிவிப்புகள், இருப்பிடம் போன்ற தேவைகளுக்கு மட்டும் கூகுள் சேவைகளின் இடத்தில் நின்று பதில் சொல்லும்.

வங்கிச் செயலிகளும் படச் செயலிகளும் வேலை செய்யுமா?

உறுதி சொல்ல முடியாது. முன்பு சேஃப்டிநெட் என்றும் இப்போது பிளே இன்டெக்ரிட்டி என்றும் அழைக்கப்படும் சோதனையின் மூலம், கைபேசியின் மென்பொருள் நிறுவனம் தந்ததுதானா என்று செயலிகள் கேட்டறிகின்றன. திறந்த பூட்லோடர் உள்ள கைபேசி அந்தச் சோதனையின் கடுமையான படிகளைத் தாண்டாது. சில செயலிகள் அதைப் பொருட்படுத்துவதில்லை, சில திறக்கவே மறுக்கின்றன. ஏமாற்றும் வழிகள் அவ்வப்போது தோன்றி, அவ்வப்போது அடைபடுகின்றன. பணம் புழங்கும் கைபேசியை அந்தப் பூனை எலி விளையாட்டில் வைத்திருப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். கட்டணப் படச் செயலிகளைப் பொறுத்தவரை, படங்கள் நகலெடுக்கப்படாமல் காக்கும் வைடுவைன் ஏற்பாட்டின் பாதுகாப்பு நிலை எல்1இலிருந்து எல்3க்கு இறங்கினால் உயர் தெளிவுத்திறன் கிடைக்காமல் போகலாம்.

அழைப்புகள் வழக்கம்போல் வருமா?

இதை நிறுவிய பிறகு கேட்பவர்களே அதிகம். நிறுவும் முன் கேட்க வேண்டிய கேள்வி இது. 4ஜி வழியாகக் குரல் அழைப்பைக் கொண்டுசெல்லும் வோல்டி வசதிக்கான நிரல் பல நிறுவனங்களிடம் மூடிய நிரலாக இருக்கிறது. குறிப்பாகப் பழைய சாம்சங் கைபேசிகளில் கஸ்டம் ரோமோடு அது வேலை செய்வதில்லை. உங்கள் சிம் பழைய 2ஜி, 3ஜி அலைவரிசைகளில் அழைப்பை ஏற்கும் இடத்தில் இது தெரியவே தெரியாது. அந்த அலைவரிசைகள் மூடப்பட்ட இடத்தில், இணையம் ஓடும், அழைப்பு மட்டும் வராது. ரோமின் அறிவிப்பில் வோல்டி பற்றி என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பார்த்துவிட்டே இறங்குங்கள்.

கைபேசி செங்கல் ஆகிவிடும் என்கிறார்களே?

இயங்காமல் போன கைபேசியைத்தான் செங்கல் என்கிறார்கள். அதில் இரண்டு வகை உண்டு. திரையில் சின்னம் மட்டும் சுழன்றுகொண்டே இருப்பது, மீண்டும் மீண்டும் தொடங்குவது போன்றவை மென்மையான வகை. ரிகவரியோ ஃபாஸ்ட்பூட்டோ திறக்கும்வரை கைபேசி பிழைத்திருக்கிறது என்றே பொருள். எந்தப் பொத்தானுக்கும் அசையாமல் கிடப்பது கடினமான வகை. குவால்காம் சிப்புகளின் ஈடிஎல் அவசர நிலை வழியாக அவற்றில் சிலவற்றை மீட்கலாம், ஆனால் நிறுவனம் கையொப்பமிட்ட சிறப்புக் கோப்பு அதற்குத் தேவை. பூட்லோடர் போன்ற ஆழமான பகுதிகளில் தவறான கோப்பை எழுதுவதும், பழைய பதிப்புக்கு இறங்குவதைத் தடுக்கும் ஏற்பாடு உள்ள கைபேசியில் பழைய நிறுவன மென்பொருளை ஏற்றுவதும் அந்த நிலைக்குக் கொண்டுபோகும் முக்கியக் காரணங்கள்.

என் முதல் முயற்சியில் லினேஜின் தொடக்கத் திரையில் வளைகோட்டின் மேல் வட்டம் ஓடுவதை நாற்பது நிமிடம் பார்த்துக்கொண்டிருந்தேன். கைபேசி சூடேறியது, வட்டம் மட்டும் நிற்கவில்லை. தரவுப் பகுதியை ஃபார்மேட் செய்யும் படியை நான் தாண்டிவிட்டிருந்தேன். பழைய இயங்குதளம் குறியாக்கம் செய்து வைத்திருந்த பகுதியைப் புதியது படிக்க முடியாமல் தவித்துக்கொண்டிருந்தது. பவர் பொத்தானைப் பிடித்து அணைத்து, ரிகவரிக்குள் போய் ஃபார்மேட் செய்ததும் அடுத்த தொடக்கத்தில் வரவேற்புத் திரை வந்துவிட்டது.

ரூட் செய்வதும் இதுவும் ஒன்றா?

இல்லை. ரூட் என்பது இயங்குதளத்தின் உச்ச அதிகாரத்தைப் பயனருக்குத் தருவது. மேஜிஸ்க் போன்ற கருவி அதற்குத் தனியாக வேண்டும். கஸ்டம் ரோமுக்கு அது தேவையே இல்லை.

அதிகாரப்பூர்வமற்ற ரோமை நம்பலாமா?

தொகுப்பவரின் நேர்மையையும் திறமையையும் நம்புவதாகும் அது. மூல நிரல் வெளியிடப்பட்டிருக்கிறதா, கடைசியாக எப்போது புதுப்பிக்கப்பட்டது, ஒவ்வொரு நிரலும் எதைத் தொடலாம் என்று கட்டுப்படுத்தும் எஸ்இலினக்ஸ் பாதுகாப்பு முழுமையாக இயங்குகிறதா என்ற மூன்றையும் பாருங்கள். வேலை எளிதாக முடிய வேண்டுமென்று எஸ்இலினக்ஸைத் தளர்த்திவிட்ட ரோம், பாதுகாப்புக்காகக் கைபேசியை மாற்றுபவருக்குப் பயன்படாது.

நிறுவிய பிறகு புதுப்பிப்புகள் எப்படி வரும்?

லினேஜ்ஓஎஸ் தன் அமைப்புகளிலேயே புதுப்பிப்பைக் காட்டும். ஒரே பதிப்புக்குள் என்றால் தரவு அழியாது. 20இலிருந்து 21க்குப் போவதுபோன்ற பெரிய மாற்றம் தானாக நடப்பதில்லை. அதற்கு மீண்டும் ரிகவரி வழியாக ரோமையும், அந்த ஆண்ட்ராய்டு பதிப்புக்குரிய கூகுள் தொகுப்பையும் சேர்த்து ஏற்ற வேண்டும். பழைய கூகுள் தொகுப்பை அப்படியே விட்டால் செயலிகள் அடுத்தடுத்து நின்றுகொண்டே இருக்கும்.

பிடிக்கவில்லையென்றால் பழைய நிலைக்குத் திரும்பலாமா?

நிறுவனத்தின் முழு மென்பொருள் கோப்பு கிடைத்தால் திரும்பலாம். அந்தக் கோப்பைத் தேடிப் பதிவிறக்கி வைத்துக்கொண்டே முதல் படியைத் தொடங்குவது நல்லது, பழைய மாதிரிகளுக்கு அவை காலப்போக்கில் மறைந்துவிடுகின்றன. திரும்பும்போது வரிசை முக்கியம்: முதலில் நிறுவன மென்பொருளை முழுமையாக ஏற்றி, கைபேசி ஒருமுறை ஒழுங்காகத் தொடங்குவதைப் பார்த்து, டெவலப்பர் தேர்வுகளில் 'ஓஇஎம் அன்லாக்' இன்னும் இயங்கு நிலையில் இருப்பதை உறுதிசெய்த பிறகே பூட்லோடரைப் பூட்ட வேண்டும். கஸ்டம் ரோம் உள்ளே இருக்கும்போதே பூட்டினால், பெரும்பாலான கைபேசிகளில் பூட்லோடர் அந்த ரோமின் கையொப்பத்தை ஏற்காது, மீண்டும் திறக்கவும் விடாது.